டி சேட்டாவின் பத்துப் படங்கள்

ஜூன் 3

இத்தாலிய இயக்குநர் விட்டோரியோ டி சேட்டாவின் ஆவணக் குறும்படங்களை வரிசையாகப் பார்க்க ஆரம்பித்திருக்கிறேன். 1954 முதல் 1959 வரை இத்தாலியின் சிசிலி, சார்டினியா, கலாப்ரியா பகுதிகளில் எடுத்த பத்துப் படங்கள். பெரும்பாலானவை பத்து நிமிடம்தான் ஓடும். 1923-ல் பலெர்மோவில், வசதியான குடும்பத்தில் பிறந்தவர். படித்தது கட்டடக்கலை. எடுத்ததெல்லாம் மீனவர், சுரங்கத் தொழிலாளி, மேய்ப்பர்!

இன்று மெசினா நீரிணையில் வாள்மீன் வேட்டை. கம்பத்தின் உச்சியில் நிற்பவர் கடலைப் பார்த்துக் கத்துகிறார். துடுப்புப் போடுபவர்கள் அந்தக் குரலை நம்பித்தான் படகைத் திருப்புகிறார்கள். மீன் நெருங்க நெருங்க, கத்தலும் துடுப்பும் வேகம் பிடிக்கின்றன, ஈட்டி பாய்கிறது. இதில் விளக்கிச் சொல்ல என்ன இருக்கிறது? அந்தக் காலத்து ஆவணப்படம் என்றால் வர்ணனைக் குரல் ஓயாமல் பேசும். டி சேட்டா அதை அடியோடு விட்டுவிட்டார்.

ஜூன் 5

1955-ல் எடுத்த சூரை மீன் படம். வலையை இழுப்பவர்கள் பாடிக்கொண்டே இழுக்கிறார்கள். பாட்டு இல்லாவிட்டால் அத்தனை கைகளும் ஒரே நேரத்தில் இழுக்காது. அங்கே பாட்டும் ஒரு கருவி. மீன்கள் மேலே வந்ததும் தண்ணீர் கொந்தளித்துச் சிவக்கிறது.

கேமராவை வைத்துவிட்டுக் காத்திருப்பதுதான் அவதானிப்பு என்று சிலர் நினைக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த இடத்தின் ஒலிகளையும் பாட்டுகளையும் தனியே பதிவுசெய்து, படத்தொகுப்பில் காட்சியோடு இழைத்திருக்கிறார். ஒரு நாளின் உழைப்பு பத்து நிமிடத்துக்குள் வந்தது அந்தப் படத்தொகுப்பு மேசையில்தான்.

ஜூன் 6

கோதுமை அறுவடை. நம் ஊரில் மாடு கட்டிப் போரடிப்பது போல அங்கே கோவேறு கழுதைகள். மஞ்சள் நிறம் கண்ணை விட்டுப் போகவில்லை.

ஜூன் 9

1959-ல் வந்த கடைசிக் குறும்படம். கலாப்ரியாவின் மலையூர் அலெசாண்ட்ரியா டெல் கரெட்டோ. சாலை பாதியிலேயே நின்றுவிடுகிறது. அதற்குமேல் சுமையெல்லாம் கழுதை முதுகில். அதே ஊர்க்காரர்கள் திருவிழாவுக்காகக் காட்டிலிருந்து ஒரு பெரிய மரத்தை இழுத்து வந்து நடுகிறார்கள். அரசாங்கம் மறந்த ஊரைப் பரிதாபமாகக் காட்டுவது சுலபம். இவர் அவர்களுடைய பலத்தைக் காட்டுகிறார். எனக்கு இவரைப் பிடிக்க முதல் காரணம் இதுதான்.

சார்டினியப் படங்கள் இரண்டு பாக்கி. ஒர்கோசோலோ மேய்ப்பர்களை 1958-ல் குறும்படமாக எடுத்துவிட்டு, அதே ஊரில், அங்குள்ள மேய்ப்பர்களையே நடிக்கவைத்து 1961-ல் முதல் முழுநீளப் படம் எடுத்தார். குறும்படத்தை முடித்த கையோடு அதையும் பார்த்துவிட வேண்டும்.