எல்லாத்துக்கும் ஒரு வகை: கதைக்காக ஒரு சட்டம் எழுதின அனுபவம்

யாங்கோன்ல ஞாயித்துக்கிழமை தமிழ் வகுப்புப் பிள்ளைங்களுக்காக ஒரு தொடர்கதை எழுதிட்டு இருக்கேன். அதுல வர்ற நாட்டுல ஒரே ஒரு சட்டம்தான், உயிரோ பொருளோ எது இருந்தாலும் அதுக்கு ஒரு வகை குறிச்சு பதிவேட்டுல ஏத்தணும், ஏத்தாதது இல்லாததுக்குச் சமம். கதையில இது ஒரு வரிதான், ஆனா அந்தச் சட்டம் உள்ளுக்குள்ள எப்படி வேலை செய்யும்னு எழுத உக்காந்ததும் மாசக்கணக்குல இழுத்துடுச்சு. கற்பனை உலகம் எழுதுற வேற யாருக்காவது உதவும்னுதான் இதைப் பகிர்றேன்.

முதல்ல நெஜத்துல இருக்குற முறைகளைப் பாத்தேன். லின்னேயஸ் 1735-ல இயற்கையை விலங்கு, தாவரம், கனிமம்னு மூணாப் பிரிச்சாரு, கேக்க நல்லாத்தான் இருக்கு, ஆனா காளான் ரொம்ப காலம் தாவரத்தோடயே கிடந்துச்சு, 1969-ல விட்டேக்கர் வந்துதான் அதுக்குத் தனி உலகம் குடுத்தாரு. நூலகத்துல இருக்குற டூயி முறை 1876-ல வந்தது, எல்லா அறிவும் பத்து வகுப்பு. அதுல மதத்துக்கு 200-லேருந்து 299 வரைக்கும் இடம், அதுல பெரும்பகுதி கிறிஸ்தவத்துக்குப் போயிடுச்சு, சைவம், வைணவம், பௌத்தம், இஸ்லாம்னு மத்த எல்லாம் 290-க்குள்ள நெருக்கிக்கிட்டு நிக்குது. ஷ்வேடகோன் பௌத்தக் கோயில் இருக்குற ஊர்ல உக்காந்து இதைப் படிச்சா மனசு ஒப்பல. பெட்டியை யாரு செய்யுறாங்களோ அவங்க வீட்டுச் சாமான்தான் அதுல தாராளமா உக்காருது.

அப்புறம் தொல்காப்பியத்துக்கு வந்தேன், அதுல மரபியல்ங்கிற பகுதிக்கு. இங்கதான் நான் ரொம்ப நாள் தங்கிட்டேன். புல்லுக்கும் மரத்துக்கும் ஓரறிவு, அதாவது தொடு உணர்ச்சி மட்டும், நத்தைக்கு நாக்கும் சேந்து ரெண்டு, எறும்புக்கு மூக்கும் சேந்து மூணு, நண்டுக்கும் தும்பிக்கும் கண்ணும் சேந்து நாலு, விலங்குக்கு காதோட அஞ்சு, மனுஷனுக்கு மனசோட ஆறு. பாருங்க, இங்க பெட்டியே கிடையாது, ஒரே கேள்விதான், நீ எத்தனை வழியா உலகத்தை உணருற? அதே இடத்துல புல்லையும் மரத்தையும் பிரிக்க இன்னொரு கேள்வி, உறுதி வெளிய இருக்கா உள்ள இருக்கா. வெளிய இருந்தா புல், உள்ள இருந்தா மரம். அந்தக் கணக்குல தென்னை, பனை, மூங்கில் எல்லாமே புல்! மூங்கிலை இன்னிக்குத் தாவரவியல்லயும் புல் குடும்பத்துலதான் வெச்சிருக்காங்க, தென்னையும் பனையும் புல்லு மாதிரியே ஒருவித்திலைதான். பிள்ளைங்ககிட்ட சொன்னப்போ யாரும் நம்பல, ஒரு மூங்கில் துண்டையும் தேக்குத் துண்டையும் பக்கத்துல வெச்சுக் காட்டினேன், உடனே புரிஞ்சுக்கிட்டாங்க. ஆனா கல்லு, தண்ணி, கடன், பசி இதுக்கெல்லாம் அறிவுக் கணக்கு இல்லயே, அதனால என் சட்டத்துல பூஜ்யம்னு ஒரு படி சேத்தேன்.

அடுத்தது பர்மிய முறை. இங்க பொறந்த கிழமையை வெச்சு மனுஷனுக்கு விலங்கு, திசை, பேரோட முதல் எழுத்து எல்லாம் அமையும், திங்கள்னா புலி, கிழக்கு, செவ்வாய்னா சிங்கம், தென்கிழக்கு. திசை எட்டு, கிழமை ஏழு. அதுக்கு புதன்கிழமையை ரெண்டா வெட்டி, காலையில தந்தம் உள்ள யானை, மதியத்துக்கு மேல தந்தம் இல்லாத யானை, அது ராகுவோட பொழுதுன்னு வெச்சுட்டாங்க. இது எனக்குப் பெரிய உதவியா வந்துச்சு, ஏன்னா வகுப்புல ஒரு பொண்ணு கேட்டா, "டீச்சர், எல்லாத்தையும் எழுதணும்னா அந்தச் சட்டத்தை எந்த வகையில எழுதுவாங்க?"

இதேமாதிரி ஒரு சிக்கலை தத்துவவாதி பெர்ட்ரண்ட் ரஸ்ஸல் 1901-ல கண்டுபிடிச்சாரு. தன் பேரைத் தானே பட்டியல்ல போடாத பதிவேடுகளுக்கு மட்டும் ஒரு பதிவேடு போட்டா, அது தன்னையும் அதுல எழுதணுமா வேணாமா? எழுதினாலும் தப்பு, எழுதாட்டியும் தப்பு. இப்படி எந்தப் பக்கமும் நிக்காததுக்காக நான் ராகுவோட பொழுதை எடுத்துக்கிட்டேன். சட்டம், பதிவேடு, அதை எழுதுற குமாஸ்தாவோட கையெழுத்து எல்லாம் புதன் மதியத்துல பதிவாகும்.

இதுல எனக்கு ஏன் இவ்வளவு அக்கறைன்னா, இங்க 1982 குடியுரிமைச் சட்டப்படி ஆளுங்க மூணு வகை, குடிமகன், இணைக் குடிமகன், குடியுரிமை பெற்றவர், கார்டும் ரோஸ், நீலம், பச்சைன்னு மூணு கலர். 1823-க்கு முன்னாடியே இங்க இருந்த இனமாங்கிறதுதான் அதுல முக்கியமான கேள்வி. அதிகாரப்பூர்வமான 135 இனங்கள்ல தமிழர் கிடையாது. பர்மாவுல பொறந்து பர்மாவுலயே கண்ணை மூடின எங்க தாத்தா பாட்டிங்களை நெனச்சா, ஒரே ஒரு கேள்வியில ஒரு ஆளை முடிவு பண்ணக்கூடாதுன்னு எனக்கு உறுதியாத் தோணுது.

அதனாலதான் கடைசியா சீர்காழி ரங்கநாதன்கிட்ட போனேன். கணக்கு வாத்தியாரா இருந்து மெட்ராஸ் பல்கலைக்கழக நூலகரானவர், 1933-ல புத்தகங்களை வகைப்படுத்துற கோலன் முறையை வெளியிட்டாரு. ஒரு பொருளை ஒரே பெட்டியில போடாம அஞ்சு பக்கமாப் பாப்பாரு, ஆள்தன்மை (அதாவது அது முக்கியமா எது), பொருள், செயல், இடம், காலம். இங்க மூஞ்சியில பூசிக்கிற தனாக்காவை எடுத்துக்கங்க. பெட்டி முறையில அது மரமா மருந்தா அழகுச் சாமானான்னு சண்டை வரும், இவரு முறையில மரம், பட்டை, கல்லுல அரைக்கிறது, மியன்மார், எந்தக் காலம்னு அஞ்சும் ஒண்ணா நிக்கும்.

என் சட்டத்தோட முதல் பிரிவு இப்போ இப்படி இருக்கு: "எந்த ஒன்றையும் ஒரே கேள்வியால் வகைப்படுத்துதல் செல்லாது." நீங்களும் இப்படி ஒண்ணு எழுதினா காளான், தென்னை, நிழல், பசி, கடன், மொஹிங்கா (இங்கத்த மீன் நூடுல்ஸ் சூப்) எல்லாத்தையும் போட்டுப் பாருங்க. நிழல்தான் எனக்கு இன்னும் அடங்கல, அதுக்கு இடமும் காலமும் இருக்கு, பொருள் இல்ல, அடுத்த பகுதியில பதிவு ஆபீஸ் வாசல்ல அதுதான் வந்து நிக்கப்போகுது.