டிஎல்எல் கோப்பு காணவில்லை: ஒரு கணினியைச் சரிசெய்த அனுபவம்

எங்கள் அச்சகத்தில் அழைப்பிதழ் வடிவமைக்கும் கணினியில் விண்டோஸ் 10-ஐ அழித்துவிட்டுப் புதிதாக நிறுவியபின், பக்க வடிவமைப்பு மென்பொருள் திறக்க மறுத்தது. ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல்’ என்ற கோப்பு காணப்படாததால் நிரலைத் தொடர இயலவில்லை என்றும், நிரலை மீண்டும் நிறுவினால் சிக்கல் தீரலாம் என்றும் ஒரு சிறு பெட்டி தோன்றியது. மீண்டும் நிறுவியும் அதே பெட்டிதான் வந்தது. ஆவணி முகூர்த்தங்கள் நெருங்கிவிட்டதால், வெளியிலிருந்து ஒரு பழுதுநீக்குநரை அழைத்தோம். அவர் ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்த ஒற்றைக் கோப்பைப் பதிவிறக்கி சிஸ்டம்32 கோப்புறையில் போட்டார். செய்தி மறைந்தது, அதற்குப் பதிலாக 0xc000007b என்ற பிழை எண் வந்தது. அதற்குப் பிறகுதான் நானே உட்கார்ந்து பார்க்கத் தொடங்கினேன்.

பல நிரல்களுக்கும் பொதுவாகத் தேவைப்படும் செயல்களை ஒவ்வொரு நிரலும் தனித்தனியே சுமக்காமல், ஒரே கோப்பில் வைத்துத் தேவையான நேரத்தில் ஏற்றிக்கொள்வதற்காக உருவானவையே டிஎல்எல் கோப்புகள். நிரல் தொடங்கும்போது, அதற்கு எந்தெந்தக் கோப்புகள் தேவை என்ற பட்டியலை விண்டோஸ் படிக்கிறது. அவற்றைப் பெரும்பாலும் முதலில் நிரலின் சொந்தக் கோப்புறையிலும், அடுத்து சிஸ்டம்32-இலும், பின்னர் விண்டோஸ் கோப்புறையிலும், கடைசியாகப் பாத் பட்டியலில் (கோப்புகளைத் தேட வேண்டிய கோப்புறைகளைக் குறித்து வைக்கும் விண்டோஸ் அமைப்பு) உள்ள இடங்களிலும் தேடுகிறது. எங்கும் கிடைக்காதபோதுதான் அந்தப் பெட்டி வருகிறது. ஆகவே அச்செய்தியைக் கண்டவுடன் விண்டோஸ் பழுதாகிவிட்டது என்று முடிவுகட்ட வேண்டியதில்லை.

புதிதாக வந்திருந்த கோப்பின் பண்புகளைத் திறந்தபோது, மைக்ரோசாஃப்ட் வெளியிடும் அசல் கோப்பில் இருக்கும், வெளியிட்டவர் யார் என்பதை உறுதிசெய்யும் டிஜிட்டல் கையொப்பப் பகுதி அதில் இல்லை. கோப்பை நோட்பேடில் திறந்தால் பெரும்பகுதி குப்பை எழுத்துகளாகவே தெரியும். ஆனால் தொடக்கத்தில் ‘பிஇ’ என்ற இரண்டு ஆங்கில எழுத்துகளை அடுத்து ‘எல்’ வந்தால் அது 32 பிட் கோப்பு, சிறிய ‘டி’ வந்தால் 64 பிட் கோப்பு. எங்களுடையதில் ‘எல்’ இருந்தது. வடிவமைப்பு மென்பொருளோ 64 பிட். 64 பிட் நிரலால் 32 பிட் டிஎல்எல் கோப்பை ஏற்றிக்கொள்ள முடியாது. பிழை எண் மாறியதற்கான காரணம் அங்கேயே கிடைத்துவிட்டது. இதில் பலரும் தடுமாறுவது நியாயமே: 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்பது 64 பிட் கோப்புகளுக்கான இடம், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-இல் இருக்கின்றன. பெயரை வைத்து ஊகித்தால் தலைகீழாகத்தான் முடியும்.

எல்லோரும் சொல்லும் ‘எஸ்எஃப்சி ஸ்கேன்நவ்’ கட்டளையையும் ஓட்டிப் பார்த்தேன். எந்தக் குறையும் இல்லை என்றே அது அறிவித்தது. விண்டோஸுக்குச் சொந்தமான கோப்புகளை மட்டுமே அது சரிபார்க்கும். நாங்கள் தேடிய கோப்போ, சி++ மொழியில் எழுதிய நிரல்கள் ஓடுவதற்காக மைக்ரோசாஃப்ட் தனியே வழங்கும் விஷுவல் சி++ இயக்கநேரத் தொகுப்பைச் சேர்ந்தது. சிலர் பரிந்துரைக்கும் ‘ரெக்எஸ்விஆர்32’ கட்டளையும் இங்கே உதவாது, ஏனெனில் இவ்வகைக் கோப்பு விண்டோஸ் பதிவேட்டில் (அமைப்பு விவரங்களை விண்டோஸ் சேமித்து வைக்கும் இடம்) அக்கட்டளை மூலம் பதிவு செய்துகொள்ளும் வகையைச் சேர்ந்ததல்ல.

காணாமற்போன கோப்பைத் தேடி அலைவதைவிட, அது எந்தத் தொகுப்புக்கு உரியது என்று கண்டறிவதே வேலை. அதற்கான துப்பு பெயரிலேயே இருக்கிறது: 100 என்று முடிந்தால் விஷுவல் சி++ 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்பது 2015-உம் அதற்குப் பிந்தைய பதிப்புகளும் பகிர்ந்துகொள்ளும் ஒரே குடும்பம்.

முதலில் அந்தக் கையொப்பமற்ற கோப்பை சிஸ்டம்32-இலிருந்து நீக்கினேன். தொகுப்பை நிறுவும் நிரல் பொதுவாகப் பதிப்பு எண்ணை ஒப்பிட்டே கோப்பை மாற்றும் என்பதால், போலிக் கோப்பில் உயர்ந்த எண் பொறிக்கப்பட்டிருந்தால் அசல் கோப்பு உள்ளே வராமலே போகலாம். பிறகு மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து 64 பிட் தொகுப்பின் அண்மைப் பதிப்பை இறக்கி நிறுவி, கணினியை மறுதொடக்கம் செய்தேன். மென்பொருள் திறந்தது.

ஆனால் அதனுடன் வந்த எழுத்துரு மாற்றுக் கருவி மட்டும் ‘விசிரன்டைம்140.டிஎல்எல்’ இல்லை என்று முரண்டு பிடித்தது. அதுவும் இதே தொகுப்பின் கோப்புதான். கருவியோ 32 பிட். 64 பிட் கணினியாக இருந்தாலும் 32 பிட் தொகுப்பையும் தனியே நிறுவ வேண்டும் என்பதைப் பதிவிறக்கப் பக்கம் இன்னும் வெளிப்படையாகச் சொல்லியிருக்கலாம். அதையும் நிறுவியபின் கருவி ஓடியது. நிறுவிய நிரல்களின் பட்டியலில் இப்போது விஷுவல் சி++ பெயர்கள் ஆண்டுவாரியாக வரிசைகட்டி நிற்கின்றன. இடத்தை மிச்சப்படுத்துவதற்காகப் பழைய ஆண்டுகளை யாரும் நீக்கிவிட வேண்டாம் என்று அச்சகத்தில் சொல்லி வைத்திருக்கிறேன், ஏனெனில் பழைய நிரல்களில் சில 2010 தொகுப்பை இன்னமும் கேட்கின்றன, புதிய தொகுப்பு அதற்கு மாற்றாகாது.