ஏப்ரல் 14

இன்று காலை பக்கத்துப் பள்ளியில் தீயணைப்பு வீரர்கள் செயல்விளக்கம் காட்டினார்கள். தண்ணீர் பீய்ச்சியதும் பிள்ளைகள் ஒரே கைதட்டல்.

இன்று தேசிய தீயணைப்பு சேவை நாள். இந்தத் தேதி வந்ததே ஒரு சரக்குக் கப்பலால்தான்.

1944, பம்பாய்த் துறைமுகத்தின் விக்டோரியா டாக். கனடாவில் போருக்காகக் கட்டிய ஃபோர்ட் ஸ்டிகீன் என்ற அந்தக் கப்பல் நின்றிருந்தது. உள்ளே சுமார் 1,400 டன் வெடிபொருள், தங்கக் கட்டிகள், அப்புறம் கராச்சியில் ஏற்றிய பஞ்சுப் பொதிகள்.

பஞ்சையும் வெடிமருந்தையும் ஒரே கிடங்கறையில் அடுக்கியிருந்தார்கள்! போர்க்கால அவசரமாம். எனக்கு மனசு ஆறவே இல்லை.

மதியம் புகை கிளம்பியது. மாலை 4 மணிக்கு மேல் அடுத்தடுத்து இரண்டு வெடிப்புகள். தீயணைப்பு வீரர்கள் 66 பேர் இறந்தார்கள்.

தங்கக் கட்டிகள் பல பத்தாண்டுகள் கழித்தும் தூர்வாரும்போது கிடைத்தன. துறைமுகக் கூலிகள் எத்தனை பேர் செத்தார்கள் என்பதற்குத்தான் இன்றுவரை சரியான கணக்கு இல்லை.