நான்கு நிமிடம் முன்னால் வருவது யார்?

மொட்டை மாடியில் நிற்கும் என் ரேடியோ தொலைநோக்கியைப் பார்த்த எவரும் அதைத் தொலைநோக்கி என்று ஒப்புக்கொண்டதில்லை. அலுமினியத் தாள் ஒட்டிய நான்கு அட்டைகளைச் சேர்த்துச் செய்த ஒரு புனல். புனலின் அடியில் காலியான தின்னர் டின். டின்னுக்குள் 52 மில்லிமீட்டர் நீளத்தில் ஒரு செம்புக் கம்பி. அதிலிருந்து ஒரு சிறிய பெருக்கி, பிறகு கணினியில் செருகும் கட்டைவிரல் அளவு ரேடியோ வாங்கி. அம்மா முதல் நாள் அதைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்துவிட்டு, "இதில் எந்தப் பக்கம் கண்ணை வைக்க வேண்டும்?" என்று கேட்டார். எந்தப் பக்கமும் இல்லை என்றதும் ஆர்வம் வடிந்துவிட்டது.

கண்ணை வைத்துப் பார்க்கும் தொலைநோக்கியும் என்னிடம் உண்டு. மேகம் வந்தால் அது முடங்கிவிடும், நிலா வந்தால் பாதி முடங்கும். அந்த எரிச்சலில்தான் ரேடியோ பக்கம் திரும்பினேன். மேகமோ பகலோ ரேடியோ அலைக்குப் பொருட்டில்லை. வேறு பொருட்டுகள் இருக்கின்றன என்பது பிறகுதான் தெரிந்தது.

செம்புக் கம்பியின் 52 மில்லிமீட்டர் ஏன் என்று சொல்லிவிடுகிறேன். ஹைட்ரஜன் அணுவில் ஒரு புரோட்டானும் ஓர் எலெக்ட்ரானும் உண்டு. இரண்டின் தற்சுழற்சியும் ஒரே திசையில் இருந்தால் ஆற்றல் ஒரு துளி அதிகம். எலெக்ட்ரான் தலைகீழாகப் புரளும்போது அந்தத் துளி 21 சென்டிமீட்டர் அலையாக, அதாவது 1420.4 மெகாஹெர்ட்ஸ் அதிர்வெண்ணில் வெளியேறும். அலைநீளத்தில் கால் பங்குதான் கம்பி. தனித்து விடப்பட்ட ஓர் அணு இப்படித் தானாகப் புரளச் சராசரியாக 1 கோடி ஆண்டுக்கு மேல் காத்திருக்க வேண்டும். பால்வீதியில் அணுக்களுக்குப் பஞ்சமில்லை என்பதால் பிழைத்தோம். இந்த அலை வரும் என்று 1944இல் நெதர்லாந்தின் வான் டி ஹல்ஸ்ட் கணித்தார். 1951இல் ஹார்வர்டில் யூவனும் பர்செல்லும் ஆய்வக ஜன்னலுக்கு வெளியே ஒரு கொம்பு ஆண்டெனாவை நீட்டி அதைப் பிடித்தார்கள். மழை பெய்தால் அந்தக் கொம்பு வழியாகத் தண்ணீர் ஆய்வகத்துக்குள்ளேயே வடியுமாம். என் புனலுக்கு பிளாஸ்டிக் உறை போட்டபோது அவர்களைத்தான் நினைத்துக்கொண்டேன்.

என் கொம்பு ஒரே நேரத்தில் பார்க்கும் வானம் சுமார் 20 டிகிரி அகலம். கையை முழுதாக நீட்டி ஒரு சாண் விரித்துப் பிடித்தால் மறையும் அளவு. அந்தச் சாணுக்குள் எத்தனை நட்சத்திரம் இருந்தாலும் எனக்குக் கிடைப்பது திரையில் ஒரே ஒரு கோடு, எந்த அதிர்வெண்ணில் எவ்வளவு வலு என்று காட்டுவது. ஒரு முறை அளந்தால் கோடு வெறும் புல்தரை போலத்தான் தெரியும். நூறு முறை அளந்து சராசரி எடுத்தால் இரைச்சல் பத்தில் ஒரு பங்காகும். பத்தாயிரம் முறை என்றால் நூறில் ஒரு பங்கு. புல் மெல்ல மெல்லப் படிய, நடுவில் ஒரு மேடு எழும். அதுதான் ஹைட்ரஜன்.

கொம்பை வடக்கே சாய்த்து, சிக்னஸ் விண்மீன் கூட்டம் கடந்துபோகும் இடத்தைப் பார்க்கும்படி செங்கல் முட்டுக் கொடுத்து நிறுத்தினேன். ஆண்டெனா அசையாது, பூமி சுழன்று வானத்தை அதன் முன்னால் இழுத்துக்கொண்டு போகும். முதல் மாலை ஏழு மணிக்குத் திரையைப் பார்த்தேன். மேடு எழவில்லை. மாறாக முழுக் கோடும் ஒரே அடியாக மேலே ஏறியது. ஏழரைக்கு இறங்கியது.

எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது. சிக்னஸ் திசையில்தான் சிக்னஸ் ஏ இருக்கிறது. ஏறக்குறைய 75 கோடி ஒளியாண்டுக்கு அப்பாலுள்ள விண்மீன் மண்டலம், ரேடியோ வானத்தின் மிகப் பிரகாசமான மூலங்களில் ஒன்று. முழுக் கோடும் உயர்ந்தால், எல்லா அதிர்வெண்ணிலும் ஒலிக்கும் அப்படிப்பட்ட ஒன்றுதான் இருக்க வேண்டும் என்று அன்றிரவு உறுதியாக நம்பினேன். என் அட்டைப் புனலுக்கு அது எட்டாக் கனி என்று கணக்குப் போட்டுப் பார்க்கும் நிதானம் அப்போது இல்லை.

மறுநாளும் ஏழு மணிக்கு ஏறியது. அதற்கடுத்த நாளும் ஏழு மணி. அங்கேதான் கனவு கலைந்தது.

நட்சத்திரங்கள் நம் கடிகாரத்தை மதிப்பதில்லை. பூமி தன்னைத்தானே ஒரு முறை சுற்ற 23 மணி 56 நிமிடம் போதும். சூரியன் பழைய இடத்துக்கு வரத்தான் இன்னும் நான்கு நிமிடம் ஆகிறது. ஆகவே உண்மையில் வானத்திலிருந்து வருவது எதுவும் ஒவ்வொரு நாளும் நான்கு நிமிடம் முன்னதாக வரவேண்டும். தினமும் டாண் என்று ஏழு மணிக்கு வருவது மனிதன்.

ரேடியோ வானியலே இந்த நான்கு நிமிடத்தில் பிறந்ததுதான். 1930களின் தொடக்கத்தில் பெல் ஆய்வகத்தில் கார்ல் ஜான்ஸ்கி என்ற இளம் பொறியாளர் கடல் கடந்த தொலைபேசிக்குத் தொந்தரவு தரும் இரைச்சல் எங்கிருந்து வருகிறது என்று தேடிக்கொண்டிருந்தார். ஃபோர்டு காரின் சக்கரங்கள்மேல் சுழலும் சுமார் 30 மீட்டர் நீள ஆண்டெனா அவருடையது. இடியின் இரைச்சல் போக, மெல்லிய சீறல் ஒன்று மிஞ்சியது. முதலில் சூரியன் என்றே நினைத்தார். மாதங்கள் செல்லச் செல்ல அது சூரியனை விட்டு விலகி, நாளுக்கு நான்கு நிமிடம் முந்திக்கொண்டே போனது. தனுசு விண்மீன் கூட்டத்தின் பக்கம், பால்வீதியின் மையத்திலிருந்து வருகிறது என்று 1933இல் அறிவித்தார். ஆய்வகம் அவரை வேறு வேலைக்கு அனுப்பிவிட்டது. வானியலாளர்களில் பெரும்பாலோர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவரை அப்படியே விட்டுவிட்டதை இப்போது படித்தாலும் எனக்குக் கோபம் வருகிறது.

1967இல் கேம்பிரிட்ஜில் ஆராய்ச்சி மாணவி ஜோஸ்லின் பெல், நாளொன்றுக்குச் சுமார் 30 மீட்டர் நீளும் காகிதச் சுருளைக் கண்ணால் அலசிக்கொண்டிருந்தார். அதில் மிகச் சிறிய ஒரு கிறுக்கல். அதுவும் நட்சத்திர நேரப்படியே வந்தது. காகிதத்தை வேகமாக ஓடவிட்டுப் பார்த்தபோது 1.34 விநாடிக்கு ஒரு துடிப்பு. ஒரே சீராகத் துடிக்கும் நட்சத்திர வகையான பல்சார்களில் முதலாவது அது. நோபல் பரிசு 1974இல் அவருடைய வழிகாட்டி ஹியூவிஷுக்கும் ரைலுக்கும் போயிற்று.

எதிர்ப்பக்கக் கதை ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் தொலைநோக்கியில் நடந்தது. 64 மீட்டர் தட்டு. அதில் அவ்வப்போது விசித்திரமான குறுந்துடிப்புகள் பதிவாகி, 'பெரிட்டான்' என்று பெயரும் பெற்றன. வேலை நேரத்தில்தான், அதிலும் பெரும்பாலும் நண்பகலை ஒட்டியே அவை வந்தன. 2015இல் குட்டு வெளிப்பட்டது. மைக்ரோவேவ் அடுப்பு ஓடிக்கொண்டிருக்கும்போதே யாரோ பொறுமையிழந்து கதவைத் திறந்திருக்கிறார்கள். இத்தனை பெரிய தட்டுக்கே அந்தக் கதி என்றால் என் புனல் எம்மாத்திரம் என்று சமாதானம் செய்துகொண்டேன்.

என் பெரிட்டானைப் பிடிக்க நான்காம் நாள் ஏழு மணிக்குக் கீழே அம்மாவிடம் போனேன்.

"இப்போது எதையாவது போட்டீர்களா?"

"டிவிதான். ஏழரைக்கு முடிந்துவிடும். ஏன், உன் நட்சத்திரத்துக்கு இடைஞ்சலா?"

இடைஞ்சல்தான். மாடியிலுள்ள டிஷ்ஷிலிருந்து வரவேற்பறைப் பெட்டிக்கு இறங்கும் கேபிளில் ஓடும் சமிக்ஞை ஏறத்தாழ 950 முதல் 2150 மெகாஹெர்ட்ஸ் வரை. 1420 அதற்குள் பத்திரமாக உட்கார்ந்திருக்கிறது. கைப்பிடிச் சுவர் ஓரம், என் கொம்புக்கு இரண்டு மீட்டர் தள்ளி, கேபிள் இணைப்பொன்று மரை கழன்று தொங்கிக்கொண்டிருந்தது. சிக்னஸ் ஏ அந்த மரையிலிருந்து வந்துகொண்டிருந்தது.

இந்த அவஸ்தை எல்லாத் தொலைநோக்கிக்கும் ஏதோ ஒரு வடிவில் உண்டு. அமெரிக்காவின் கிரீன் பாங்க் ரேடியோ வானாய்வகத்தைச் சுற்றி 1958 முதல் ரேடியோ அமைதி மண்டலம் இருக்கிறது. பெட்ரோல் எஞ்சினின் தீப்பொறிகூட இரைச்சல் என்பதால் ஆண்டெனா அருகே டீசல் வண்டிதான் ஓடும். அகச்சிவப்பைப் பார்க்கும் ஜேம்ஸ் வெப் தொலைநோக்கிக்கு அதன் சொந்த உடல் சூடே இரைச்சல். அதனால் 15 லட்சம் கிலோமீட்டர் தள்ளிப் போய், ஐந்தடுக்குத் திரையின் நிழலில் மைனஸ் 220 டிகிரிக்கும் கீழே உறைந்துகிடக்கிறது. எக்ஸ் கதிரைக் காற்றுமண்டலம் விழுங்கிவிடும் என்பதால் சந்திரா என்ற எக்ஸ் கதிர் தொலைநோக்கியும் விண்வெளிக்குத்தான் போனது. அதன் கண்ணாடிகளை நேருக்கு நேர் வைத்தால் கதிர் உள்ளே புகுந்து மறைந்துவிடும். தட்டைக் கல்லைச் சாய்த்து எறிந்தால் நீரில் தத்திப் போவது போல, கதிர் உரசித் தெறிக்கும்படி அவற்றைக் குழல்களாக ஒன்றுக்குள் ஒன்று அடுக்கியிருக்கிறார்கள்.

ரேடியோவுக்கு இன்னொரு தீராத குறை, பார்வை மங்கல். அலை நீளமாக இருக்க இருக்க, கூர்மைக்குத் தட்டும் பெரிதாக வேண்டும். 100 மீட்டர் அகலமுள்ள கிரீன் பாங்க் தட்டுகூட 21 சென்டிமீட்டர் அலையில் நம் வெறுங்கண்ணைவிட எட்டொன்பது மடங்கு மங்கலாகத்தான் பார்க்கும். அதற்கு வழி, பல தட்டுகளைச் சேர்த்து ஒன்றாக்குவது. புனே அருகே ஜிஎம்ஆர்டி ரேடியோ தொலைநோக்கியில் 45 மீட்டர் அகலத்தில் 30 தட்டுகள் சுமார் 25 கிலோமீட்டர் பரப்பில் சிதறி நிற்கின்றன. அவற்றின் பரப்பு வெறும் கம்பி வலை. அலை வலைக்கண்ணைவிடப் பெரிது என்பதால் அது போதும். 2019இல் எம்87 என்ற விண்மீன் மண்டலத்தின் கருந்துளையின் படத்தைத் தந்த கூட்டு முயற்சிக்குப் பூமியே தட்டு. 2017 ஏப்ரலில் பதிவான தரவை வன்தட்டுகளில் அடைத்து விமானத்தில் அனுப்பினார்கள். தென் துருவத்து வன்தட்டுகள் குளிர்காலம் முடியும்வரை அங்கேயே காத்துக்கிடந்தன. கண்டங்களுக்கு இடையே நேரத்தை ஒத்துவைத்தவை ஹைட்ரஜன் மேசர் என்ற அணுக் கடிகாரங்கள். என் புனல் தேடும் அதே 1420 மெகாஹெர்ட்ஸ் துடிப்பில்தான் அவை ஓடுகின்றன. இதைப் படித்த அன்று அம்மாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். "சரி" என்றார்.

மரையை முறுக்கி, மேலே அலுமினியத் தாளைச் சுற்றிய பிறகு ஏழு மணி அமைதியாகக் கடந்தது. அன்றிரவு 8.40க்கு மேடு மிக உயரமாக எழுந்தது. மறுநாள் கோடு நன்றாக இருந்தும் நான்கு நிமிட வித்தியாசத்தைப் பிரித்தறிய முடியவில்லை. என் சாண் அகலப் பார்வையில் உச்சி அவ்வளவு கூர்மையாக இருக்காது. ஏழு நாள் கழித்துப் பார்த்தபோது 8.10. வரவேண்டியது 8.12.

அந்த மேட்டின் வலப்பக்கச் சரிவில், சுமார் 400 கிலோஹெர்ட்ஸ் தள்ளி, இன்னொரு சிறு திமில் இருக்கிறது. அதிர்வெண் கூடியிருப்பதால் அந்த வாயு நம்மை நோக்கி வருகிறது, விநாடிக்கு ஏறத்தாழ 80 கிலோமீட்டர் வேகத்தில். பால்வீதியின் வெளிப்புறச் சுருள் கரம் அது. அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டு வெகுநேரம் உற்றுப் பார்த்தார்.

"இந்தச் சின்ன மேடா?"

"ஆமாம்."

"டிவியை நிறுத்திவிட்டுத்தான் வந்தேன். அதனால் வந்திருக்குமோ?"

கீழே போய் டிவியைப் போட்டுவிட்டு வந்தேன். திமில் அப்படியே இருந்தது. அடுத்த வாரம் கொம்பைத் தெற்கே பத்து டிகிரி சாய்க்கப் போகிறேன். அதற்கு முன் அந்த மரையை ஒருமுறை கையால் முறுக்கிப் பார்த்துக்கொள்ள வேண்டும்.