வலிப்பு கேள்வி வந்தால்: பிராக்டிகலுக்குப் போகும் நர்சிங் தங்கைகளுக்கு

ரிசல்ட் வந்துவிட்டது, பாஸ். இப்போதுதான் நிம்மதியாகச் சாப்பிட முடிகிறது. என்னைக் கரையேற்றியது பிராக்டிகலில் வந்த வலிப்பு கேள்விதான், அதை மட்டும் சொல்கிறேன். டிரே, கேர் பிளான் எல்லாம் உங்களுக்கே தெரியும்.

"பேஷன்ட்டுக்குக் கை கால் வெட்டி இழுக்குது. முதல்ல என்னம்மா செய்வே?" என்றார் எக்ஸ்டர்னல் (வெளியிலிருந்து வந்த தேர்வாளர்). பலரும் மருந்துப் பெயரில் ஆரம்பிப்பார்கள். நான் "மணி பார்ப்பேன் மேடம்" என்றேன். "ஏன்?" என்றார். அதற்கப்புறம் எல்லாமே நான் படித்த பாதையில்தான் போனது. பெரும்பாலான வலிப்பு ஓரிரு நிமிடத்தில் தானாக நிற்கும். 5 நிமிடம் தாண்டினால் ஸ்டேட்டஸ் எபிலெப்டிகஸ், அதாவது நிற்காமல் தொடரும் வலிப்பு, உடனே மருந்து வேண்டும். தொடங்கிய நேரம் தெரியாவிட்டால் இதை எப்படி முடிவு செய்வது? பதற்றத்தில் ஒரு நிமிடமே பத்து நிமிடமாகத் தெரியும்.

அடுத்தது பொறி: "பல்லுக்கு நடுவில் என்ன வைப்பாய்?" எதுவும் வைக்கக் கூடாது. துணி சுற்றிய ஸ்பேச்சுலா இன்னும் சீனியர் நோட்ஸில் சுற்றிக்கொண்டிருப்பது எனக்குக் கோபமாகவே வருகிறது. பல் உடைந்து மூச்சுக்குழாய்க்குள் போனால் யார் பதில் சொல்வது? உறவினர்கள் கையில் திணிக்கும் இரும்புச் சாவியும் அப்படித்தான். வலிப்பு தானாக நிற்கும், பெயர் சாவிக்குப் போகும். உறவினரைத் திட்டாமல் எடுத்துச் சொல்லுங்கள்.

சொல்ல வேண்டிய வரிசை:
- மணி பார்த்தபடியே உதவிக்குக் கூப்பிடுவது
- தலைக்கு அடியில் மெத்தென்று ஏதாவது, கழுத்துப் பட்டன் தளர்வு
- கை காலை அமுக்கிப் பிடிக்காதது
- ஒருக்களித்துப் படுக்க வைப்பது, தேவைப்பட்டால் சக்ஷன், ஆக்சிஜன்
- சர்க்கரை அளவு
- டாக்டர் ஆர்டர்படி வலிப்பை நிறுத்தும் லோராசிபாம் 4 மி.கி. வரை, மெதுவாக ஐ.வி.
- இன்னொரு வலிப்பு மருந்தான ஃபெனிடாய்ன் என்றால் நார்மல் சலைனில் மட்டும் (டெக்ஸ்ட்ரோஸில் படிந்துவிடும்), நிமிடத்துக்கு 50 மி.கி.க்கு மேல் போகாமல், ஈ.சி.ஜி., பி.பி. பார்த்தபடி

வலிப்பு நின்ற பிறகு செய்வதைத்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள். வார்டில் ஒரு சிஸ்டர் செய்ததை அப்படியே சொன்னேன்: வாயோரம் வழிந்த எச்சிலைத் துடைத்தார், நனைந்த லுங்கிக்கு மேல் போர்வையை இழுத்து மூடினார், "ஆஸ்பத்திரியில இருக்கீங்க அண்ணே, ஒண்ணுமில்ல" என்று காதருகே திரும்பத் திரும்பச் சொன்னார். முழுதாக நினைவு திரும்பும்வரை வாய்வழியே தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை.

படிப்பதா? எனக்கு வாய்விட்டுச் சொன்னால்தான் ஏறும். தோழியைக் கட்டிலில் படுக்கவைத்து, செய்துகொண்டே சொல்லுங்கள்.

"பேஷன்ட் கர்ப்பிணி என்றால்?" என்று கட்டாயம் கேட்பார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். எக்லாம்ப்சியாவுக்கு (கர்ப்பகால ரத்த அழுத்தத்தால் வரும் வலிப்பு) மெக்னீசியம் சல்ஃபேட். ஒவ்வொரு டோஸுக்கும் முன் முழங்கால் ரிஃப்ளெக்ஸ், மூச்சு எண்ணிக்கை, சிறுநீர் அளவு பார்க்க வேண்டும். மெக்னீசியம் அதிகமானால் முறிக்க கால்சியம் குளுக்கோனேட் பக்கத்திலேயே தயாராக இருக்க வேண்டும்.