சூத்திரத்துக்கு முன்னால் ஒரு புள்ளிக்கோடு

பொறியியல் மாணவர்களுக்கு வெப்ப இயக்கவியல் நடத்துகிறேன், பாடக்குறிப்புகளும் எழுதுகிறேன். இந்தப் பாடத்தில் மதிப்பெண் போவது பெரும்பாலும் கணிதத்தால் அல்ல, கேள்வியைப் படித்ததும் சூத்திரத்தைத் தேடி ஓடுவதால்தான். தாளில் முதலில் வர வேண்டியது ஒரு படம். அதில் அமைப்பைச் சுற்றி, அதாவது கணக்குக்கு எடுத்துக்கொள்ளும் பகுதியைச் சுற்றி, ஒரு புள்ளிக்கோடு. அந்த எல்லையைத் தாண்டி என்ன வருகிறது, என்ன போகிறது என்று அம்புக்குறி போட்ட பிறகுதான் சமன்பாடு.

ஏன் இவ்வளவு வற்புறுத்துகிறேன் என்பதற்கு ஒரு கணக்கு. வெப்பம் புகாத, விரியாத ஒரு தொட்டி, உள்ளே வெற்றிடம். 300 கெல்வினில் காற்று ஓடும் குழாயோடு இணைத்து வால்வைத் திறக்கிறோம், அழுத்தம் சமமானதும் மூடுகிறோம். அந்த நொடியில் உள்ளே வெப்பநிலை என்ன? வெப்பம் எதுவும் சேரவில்லையே, 300தான் என்பார்கள் பலர். காற்று விரிவதால் குளிரும் என்பார்கள் சிலர். விடை 420 கெல்வின்.

தொட்டியைச் சுற்றி எல்லையை வரைந்து பாருங்கள். உள்ளே வரும் காற்று தன் அக ஆற்றலை மட்டும் கொண்டுவருவதில்லை. பின்னால் இருக்கும் காற்று அதை உள்ளே தள்ளச் செய்த வேலையும் கூடவே வருகிறது. இரண்டும் சேர்ந்ததுதான் என்தால்பி. உள்ளே வந்து அடங்கியதும் அது முழுவதும் அக ஆற்றலாகவே தங்குகிறது. அதனால் இறுதி வெப்பநிலை, குழாயின் வெப்பநிலையை இரு தன்வெப்பங்களின் (மாறா அழுத்தத்தில் உள்ளதற்கும் மாறாக் கனஅளவில் உள்ளதற்கும்) விகிதத்தால் பெருக்கினால் கிடைப்பது. காற்றுக்கு அந்த விகிதம் 1.4, ஆகவே 300 × 1.4. தொட்டி எவ்வளவு பெரியது, குழாயில் அழுத்தம் எவ்வளவு என்று கேட்கவே தேவையில்லை! என்தால்பிக்கு வரையறை எழுதிப் போடுவதைவிட இந்த ஒரு கணக்கு அதிகம் சொல்லித்தரும்.

இதே கோடு இன்னொரு தவறிலிருந்தும் காப்பாற்றும். வெப்பம் புகாத பெட்டியின் ஒரு பாதியில் 300 கெல்வினில் காற்று, மறுபாதி வெற்றிடம். தடுப்பை உடைத்தால் என்ன ஆகும்? 'வெப்பம் புகாது' என்றதும் 1.4 அடுக்கு கொண்ட சூத்திரத்தைப் போட்டால் சுமார் 227 வரும். அந்தச் சூத்திரம் மீள் செயல்முறைக்கு, அதாவது இழப்பின்றி அப்படியே பின்னோக்கி நடத்தக்கூடிய செயல்முறைக்கு உரியது. இங்கே எல்லையைத் தாண்டி வெப்பமும் இல்லை, வேலையும் இல்லை. காற்றை நல்லியல்பு வாயுவாக (அக ஆற்றல் வெப்பநிலையை மட்டுமே பொறுத்திருக்கும் வாயுவாக) எடுத்தால் வெப்பநிலை 300 ஆகவே இருக்கும். என்ட்ரோபி மட்டும் கூடும்.

அப்புறம் என்ட்ரோபி. பாடம் எழுதுபவர்களுக்கு என் வேண்டுகோள்: 'ஒழுங்கின்மை' என்று தொடங்காதீர்கள். கிளாசியஸ் 1865இல் அதற்குப் பெயர் வைத்தபோது கையில் இருந்தவை வெப்பமும் வெப்பநிலையும்தான். அங்கிருந்தே தொடங்கலாம். 600 கெல்வினில் இருக்கும் பொருளிலிருந்து 300 கெல்வின் சுற்றுப்புறத்துக்கு 1000 கிலோஜூல் நேராகப் பாய்கிறது. வெப்பத்தை அந்தந்த வெப்பநிலையால் வகுத்தால் என்ட்ரோபி மாற்றம் கிடைக்கும்: ஒரு பக்கம் 1.667 குறைகிறது, மறுபக்கம் 3.333 கூடுகிறது, நிகரமாகக் கெல்வினுக்கு 1.667 கிலோஜூல் உருவாகிறது. அதை 300ஆல் பெருக்கினால் 500 கிலோஜூல். நடுவில் ஒரு கார்னோ எஞ்சினை (இழப்பே இல்லாத இலட்சிய எஞ்சினை) வைத்திருந்தால் கிடைத்திருக்கும் வேலை சரியாக அவ்வளவுதான். இதைத் தன் கையால் போட்டுப் பார்த்த மாணவருக்கு, மொத்த என்ட்ரோபி குறையாது என்னும் இரண்டாம் விதி வெறும் வாசகமாகத் தெரியாது.

தேர்வுக்கு முன் இன்னும் இரண்டு. விகிதம் எடுக்கும் இடத்தில் செல்சியஸைக் கெல்வினாக மாற்றாமல் கை வைக்காதீர்கள். வேதியியலில் வேலைக்குப் பழகிய கூட்டல்-கழித்தல் குறி இங்கே தலைகீழாக இருக்கலாம். எதை எடுத்திருக்கிறீர்கள் என்று விடைத்தாளின் முதல் வரியிலேயே எழுதிவிடுங்கள்.