பத்து நிமிடத்தில் போன வேலை

முன்பு நான் வேலை பார்த்த இடத்தில், பக்கத்து இருக்கைத் தோழியை ஒரு நாள் மாலை தனியறைக்கு அழைத்தார்கள். பத்து நிமிடத்தில் வெளியே வந்தார். கையில் ஒரு கடிதம்: 'செயல்திறன் போதவில்லை.' கழுத்திலிருந்த அடையாள அட்டையைக் கழற்றும்போது அவர் கை நடுங்கியது இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. மூன்று மாதம் முன்புதான் அவரைப் பாராட்டி எல்லோருக்கும் மின்னஞ்சல் வந்திருந்தது. இடையில் நடந்தது ஒன்றுதான், கர்ப்பமாக இருப்பதாக அவர் சொன்னது.

யாரையுமே நீக்கக் கூடாது என்று சொல்லவில்லை. திருடினால், சக ஊழியரை அடித்தால், பலமுறை எச்சரித்தும் திருந்தாவிட்டால் நீக்கலாம். தொழில் நொடித்தால் ஆட்குறைப்பும் நடக்கும், சரி. ஆனால் கர்ப்பம், மதம், சங்கத்தில் சேர்ந்தது, முதலாளி மேல் புகார் கொடுத்தது எல்லாம் எப்படிக் காரணமாகும்? ஆகாது என்று சர்வதேச தொழிலாளர் அமைப்பின் 158-ஆவது உடன்படிக்கை 1982-லேயே சொல்லிவிட்டது. அதை ஏற்ற நாடுகள்தான் குறைவு.

அதில் எனக்குப் பெரிதாகப் படுவது 7-ஆவது பிரிவு. நடத்தையையோ வேலைத்திறனையோ குறை சொல்லி நீக்குவதற்கு முன், பதில் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும். தோழியிடம் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. தயாராக இருந்த கடிதத்தை நீட்டினார்கள், அவ்வளவுதான்.

உங்களுக்கு இப்படி நடந்தால் அந்த அறையிலேயே எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். "ராஜினாமா என்று எழுதிக் கொடுத்துவிடுங்கள், உங்களுக்குத்தான் நல்லது" என்பார்கள். எழுதிக் கொடுத்தால் நீக்கினார்கள் என்று நிரூபிப்பதே பெரும்பாடு. அவகாசம் கேளுங்கள். அப்புறம் முதல் வேலையாக ஒரு தொழிலாளர் வழக்கறிஞரையோ சங்கத்தையோ போய்ப் பாருங்கள்.